மூன்று அமெரிக்கப் புத்தகங்களும் நம் பிள்ளைகளின் பிறப்புப் பத்திரமும்

(ஜொகூர் பாருவில் நடந்த குடும்பச் சந்திப்பில் வழக்கறிஞர் ஒருவர் ஆற்றிய உரை. அன்று வர முடியாதவர்களுக்காக எழுத்தில் தருகிறோம்.)



இன்று மூன்று புத்தகங்களைப் பற்றிப் பேசப் போகிறேன். மூன்றும் அமெரிக்காவில் எழுதப்பட்டவை. மெக்சிகோவிலிருந்து போய் அங்கே வயலிலும் தொழிற்சாலையிலும் உழைத்த மக்களைப் பற்றியவை. "வக்கீல் சார், நம் கதையே நாறிக் கிடக்கிறது, அமெரிக்கக் கதை எதற்கு?" என்று நீங்கள் கேட்கலாம். கொஞ்சம் பொறுங்கள். நம் கதையில்தான் தொடங்குகிறேன்.

சில மாதங்களுக்கு முன் லாரி ஓட்டும் ஒருவர் என் அலுவலகத்துக்கு வந்தார். இங்கே பிறந்தவர், நீல ஐசி வைத்திருப்பவர். மனைவி வெளிநாட்டுக்காரர். கோவிலில் தாலி கட்டினார்கள், ஊருக்குச் சாப்பாடு போட்டார்கள், திருமணத்தைப் பதியவில்லை. மகன் இந்த மண்ணில்தான் பிறந்தான். ஆனால் அவன் பிறப்புப் பத்திரத்தில் 'குடிமகன் அல்ல' என்று அச்சாகியிருந்தது. ஏழு வயதில் பள்ளிக்கு அழைத்துப் போனார், திருப்பி அனுப்பிவிட்டார்கள். அவர் என்னிடம் கேட்டது ஒன்றுதான்: "தப்புப் பண்ணது நான் சார். பையன் என்ன பண்ணான்?"

இதே கேள்வி 1982-ல் அமெரிக்க உச்ச நீதிமன்றத்தின் முன்னால் நின்றது. அதனால்தான் அந்தப் புத்தகங்கள்.

முதல் புத்தகம்: காரில் மூட்டை கட்டி வைத்துவிட்டு வந்தவர்கள்

ஹியூஸ்டன் பல்கலைக்கழகச் சட்டப் பேராசிரியர் மைக்கேல் ஒலிவாஸ் 2012-ல் வெளியிட்ட புத்தகம் இது. பத்திரமில்லாத எந்தப் பிள்ளையையும் பின்னால் விட்டுவிடக் கூடாது என்பது அதன் தலைப்பின் பொருள். டெக்சஸ் மாநிலம் 1975-ல் ஒரு சட்டம் போட்டது. முறையான அனுமதியில்லாமல் நாட்டுக்குள் வந்த பிள்ளைகளின் படிப்புக்கு அரசுப் பணம் இல்லை என்றது. டைலர் என்ற ஊரின் பள்ளி நிர்வாகம் 1977-ல் அப்படிப்பட்ட பிள்ளை ஒன்றுக்கு வருடத்துக்கு ஆயிரம் டாலர் கேட்டது. கூலி வேலை செய்யும் குடும்பம் எங்கே போகும்?

நான்கு குடும்பங்கள் வழக்குப் போட்டன. அவர்களிடம் எந்தத் தாளும் இல்லை. நீதிமன்றம் போனால் அங்கிருந்தே பிடித்து நாடு கடத்தலாம். அதற்குத் தயாராக, சாமான்களைக் காரில் ஏற்றி வைத்துக்கொண்டு வந்தவர்களும் அவர்களில் உண்டு. யார் கண்ணிலும் படாமலிருக்க நீதிபதி விசாரணையை விடியற்காலையில் வைத்தார். அவர்களின் சொந்தப் பெயரை வெளியிடாமல் 'டோ' என்ற பொதுப் பெயரில் வழக்கு நடந்தது. ஐந்து நீதிபதிகள் பிள்ளைகள் பக்கம், நான்கு பேர் எதிர்ப்பக்கம். ஒரே ஒரு நீதிபதியின் வித்தியாசம். பெற்றோர் செய்ததற்குப் பிள்ளையைத் தண்டிக்கக் கூடாது என்றது தீர்ப்பு. அதை மாற்றப் பார்ப்பவர்கள் இன்றும் அங்கே இருக்கிறார்கள், ஆனால் அந்தத் தீர்ப்பால் பள்ளிக்குப் போன பிள்ளைகள் கணக்கில் அடங்காதவர்கள்.

இரண்டாவது புத்தகம்: ஒரே வீட்டுப் பிள்ளைகள், இரண்டு பள்ளிகள்

இது பிலிப்பா ஸ்ட்ரம் 2010-ல் எழுதியது, மென்டெஸ் வழக்கைப் பற்றியது. கலிபோர்னியாவில் கொன்சாலோ மென்டெஸ், ஃபெலிசிட்டாஸ் என்ற தம்பதியர் நிலத்தைக் குத்தகைக்கு எடுத்துப் பயிர் செய்தார்கள். பிள்ளைகளைப் பள்ளியில் சேர்க்க அத்தை அழைத்துப் போனார். அத்தையின் பிள்ளைகள் வெளுத்த நிறம், அவர்களுக்கு இடம் உண்டு என்றார்கள். அண்ணன் பிள்ளைகள் கறுப்பு, பெயரும் மெக்சிகோ பெயர், அவர்கள் 'மெக்சிகன் பள்ளி'க்குப் போகட்டும் என்றார்கள். அத்தை தன் பிள்ளைகளையும் சேர்க்காமல் எல்லாரையும் வீட்டுக்கு அழைத்து வந்துவிட்டார்.

1945-ல் ஐந்து தகப்பன்மார் சேர்ந்து வழக்குத் தொடுத்தார்கள். ஐயாயிரம் பிள்ளைகளுக்காகப் பேசுகிறோம் என்றார்கள். 1946-ல் வென்றார்கள், 1947-ல் மேல்முறையீட்டிலும் வென்றார்கள். அதே ஆண்டு கலிபோர்னியா தன் பள்ளிப் பிரிவினைச் சட்டத்தை நீக்கியது. கையெழுத்திட்ட ஆளுநர் ஏர்ல் வாரன். ஏழு ஆண்டு கழித்து, கறுப்பினப் பிள்ளைகளுக்கான புகழ்பெற்ற பிரவுன் வழக்குத் தீர்ப்பை எழுதிய தலைமை நீதிபதியும் அவரே.

இங்கே ஒன்றைத் தெளிவாகச் சொல்கிறேன். மெக்சிகன் பள்ளி, மட்டமாக நினைத்துத் திணிக்கப்பட்ட பள்ளி. நம் தமிழ்ப்பள்ளி அப்படியல்ல. தோட்டத்து முதலாளி கடமைக்கு வைத்த கொட்டகையை, நம் தாத்தா பாட்டி காசு போட்டுக் காப்பாற்றிப் பள்ளியாக்கினார்கள். இன்று ஜொகூரில் மட்டும் ஏறக்குறைய 70 தமிழ்ப்பள்ளிகள் இருக்கின்றன. அது நாமே தேர்ந்தெடுத்த பள்ளி. யாராவது இரண்டையும் ஒன்றாகப் பேசினால் ஒப்புக்கொள்ளாதீர்கள்.

மூன்றாவது புத்தகம்: திரும்பி வராத அப்பா

ஃபிரான்சிஸ்கோ பால்டெராமா, ரேமண்ட் ரொட்ரிகஸ் இருவரும் 1995-ல் எழுதியது. துரோகம் நடந்த பத்தாண்டு என்பது அதன் தலைப்பின் பொருள். 1930-களில் அமெரிக்காவில் வேலையில்லாத் திண்டாட்டம் வந்தபோது, மெக்சிகோ வம்சாவளியினர் இலட்சக்கணக்கில் ரயிலேற்றி அனுப்பப்பட்டார்கள். அதில் அமெரிக்காவிலேயே பிறந்த குடிமக்களும் ஏராளம். ஆசிரியர் ரொட்ரிகஸின் அப்பாவே 1936-ல் போனவர்தான். மகனுக்கு அப்போது பத்து வயது. பிறகு அவர் அப்பாவைப் பார்க்கவேயில்லை.

நமக்கு இது புதுக்கதையா? 1968-ல் வேலைக் கட்டுப்பாட்டுச் சட்டம் வந்தது. குடியுரிமை இல்லாதவர் பெர்மிட் இல்லாமல் வேலை செய்யக் கூடாது. அதையடுத்த ஆண்டுகளில் பல்லாயிரம் தோட்டத் தொழிலாளர்கள் கப்பலேறினார்கள். என் பாட்டி குளுவாங் பக்கம் பால் மரம் வெட்டியவர். அவர் போகவில்லை, ஆனால் சாகும்வரை சிவப்பு ஐசிதான். அவருடைய அண்ணன் கப்பலேறினார். அண்ணன் முகத்தை அவர் மறுபடி பார்க்கவில்லை.

வித்தியாசம் எங்கே தெரியுமா? அங்கே அந்தக் கதை புத்தகமானது. கலிபோர்னியா மேலவை உறுப்பினர் ஒருவர் அதைப் படித்தார், விசாரணை வைத்தார். 2005-ல் அந்த மாநிலம் சட்டம் இயற்றியே மன்னிப்புக் கேட்டது. ஒரு புத்தகம் ஓர் அரசாங்கத்தை மன்னிப்புக் கேட்க வைத்தது. நம் பாட்டிமாரின் கதைகள் இன்னும் அவர்கள் வாயோடுதான் நிற்கின்றன.

நம் சட்டம் என்ன சொல்கிறது?

நம் அரசியலமைப்புச் சட்டத்தின் 8-ஆவது விதி, எல்லா மனிதரும் சட்டத்தின் முன் சமம் என்கிறது. கல்வியில் பாகுபாடு கூடாது என்ற 12-ஆவது விதியோ குடிமக்களைப் பற்றி மட்டும் பேசுகிறது. அமெரிக்கக் குடும்பங்கள் வென்றதற்கு அவர்கள் சட்டத்தின் 14-ஆவது திருத்தத்தில் 'எந்த மனிதருக்கும்' என்றிருந்த ஒரு சொல் பெரிய துணை. ஒரு சொல்லில் ஒரு பிள்ளையின் வாழ்க்கை தொங்குகிறது, பாருங்கள்.

இங்கே பிறந்த பிள்ளையின் அப்பா அம்மாவில் ஒருவர் குடிமகனாக இருந்தால் பிள்ளையும் குடிமகனே. ஆனால் திருமணம் பதியப்படவில்லை என்றால் சட்டம் அப்பாவை விட்டுவிட்டு அம்மாவைத்தான் பார்க்கும். அம்மா மலேசியர் என்றால் கவலையில்லை. அம்மா வெளிநாட்டவர் என்றால் அந்த லாரி ஓட்டுநர் மகனின் கதிதான். முஸ்லிம் அல்லாதார் திருமணப் பதிவை வகைசெய்யும் 1976-ஆம் ஆண்டுச் சட்டம் 1982 முதல் நடப்பில் உள்ளது. தாலி நம் பண்பாடு, பதிவு பிள்ளையின் பாதுகாப்பு. இரண்டும் வேண்டும்.

பிள்ளை பிறந்தபின் பதிந்தால் போதாதா? 2021 மே மாதம் கூட்டரசு நீதிமன்றத்துக்கு அப்படி ஒரு வழக்குப் போனது. அப்பா மலேசியர், அம்மா பிலிப்பைன்ஸ்காரர், பிள்ளை அங்கே பிறந்த சில மாதம் கழித்துத் திருமணம். நான்குக்கு மூன்று என்ற கணக்கில் பிள்ளை தோற்றது. அங்கே ஒரு வாக்கில் வென்றார்கள், இங்கே ஒரு வாக்கில் தோற்றோம். ஆனால் அதே ஆண்டு நவம்பரில், பெற்றவர்கள் யாரென்றே தெரியாத ஒரு தத்துப் பிள்ளை இந்நாட்டுக் குடிமகன்தான் என்று அதே நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அந்தப் பிள்ளையின் பெயரும் வெளியே வரவில்லை, வெறும் எழுத்துகளால்தான் குறித்தார்கள். பெயர் வெளிவந்துவிடும் என்று பயந்து வழக்கைக் கைவிடாதீர்கள். மறைக்க வழி உண்டு.

இன்னொரு அவசரச் செய்தி. 2024 அக்டோபரில் மக்களவை குடியுரிமைத் திருத்தத்தை நிறைவேற்றியது. நல்லது ஒன்று: வெளிநாட்டில் பிள்ளை பெறும் மலேசியத் தாய்க்கும் தகப்பனுக்கு இணையான உரிமை. சிங்கப்பூரில் வேலை செய்யும் நம் பெண்களுக்கு இது பெரிய விஷயம். கவலை தருவது இரண்டு. சிவப்பு ஐசி பெற்றோருக்கு இங்கே பிறக்கும் பிள்ளை தானாகக் குடிமகனாகும் என்ற வழி அடைபடுகிறது. பதிவு மூலம் குடியுரிமை கேட்கும் பிள்ளையின் வயது வரம்பு 21-லிருந்து 18-க்கு இறங்குகிறது. "இன்னும் காலம் இருக்கிறது" என்ற பேச்சு இனி வேண்டாம்.

நீங்கள் செய்ய வேண்டியது

பிள்ளை பிறந்தால் 60 நாளுக்குள் பதியுங்கள். தவறிவிட்டதா? தாமதப் பதிவுக்கு வழி உண்டு, ஒளிந்துகொள்ளாதீர்கள்.

திருமணத்தைப் பதியுங்கள், பிள்ளை பிறப்பதற்கு முன்பே.

குடியுரிமை இல்லாத பிள்ளை 18 வயதைத் தொடுமுன் மனுச் செய்யுங்கள். நிராகரித்தால் கடிதத்தைக் கிழிக்காதீர்கள். அதுதான் நீதிமன்றத்தில் உங்கள் முதல் ஆதாரம்.

பள்ளியில் சேர்க்க மறுத்தால் சும்மா திரும்பாதீர்கள். குடிமகனான பெற்றோர் பிள்ளையைத் தொடக்கப்பள்ளியில் சேர்க்காவிட்டால் குற்றம் என்று 2003 முதல் சட்டம் சொல்கிறது. அப்படியானால் சேர்க்க வழிவிடுவதும் அவர்கள் கடமைதானே? பெற்றோரில் ஒருவர் மலேசியர் என்றால் பத்திரம் முழுமையாக இல்லாத பிள்ளையையும் சேர்ப்பதற்கான நடைமுறை கல்வி அமைச்சிடம் இருக்கிறது. பதிலை எழுத்தில் கேளுங்கள். மாவட்டக் கல்வி இலாகாவுக்குப் போங்கள். தனியாகப் போக வேண்டாம், எங்களில் ஒருவரை அழைத்துக்கொண்டு போங்கள்.

கடைசியாக ஒன்று. வீட்டில் பழைய டின்னில், சாமி படத்துக்குப் பின்னால், தோட்டத்துச் செக்ரோல் துண்டு, தாத்தாவின் கப்பல் சீட்டு, பாட்டியின் சிவப்பு ஐசி, பள்ளி ரிப்போர்ட் புத்தகம் இருக்கும். வீடு மாறும்போது தூக்கி எறியாதீர்கள். 2018-ல், அறுபது வயது தாண்டிய சிவப்பு ஐசி இந்தியர்கள் 3,407 பேருக்குக் குடியுரிமை என்று அரசாங்கம் அறிவித்தது. அப்படி ஒரு கதவு திறக்கும்போது, எத்தனை வருடம் இங்கே வாழ்ந்தோம் என்று காட்டப் பழைய தாள் வேண்டும். பிள்ளைகளை விட்டுப் பாட்டியின் கதையை எழுதச் சொல்லுங்கள். எந்தத் தோட்டம், எந்த வருடம், எத்தனை வெள்ளிச் சம்பளம், யார் கப்பலேறினார்கள் என்று தேதியோடு எழுதட்டும்.

அந்த மூன்று புத்தகத்திலும் கதாநாயகர் வக்கீல் அல்ல, நீதிபதியும் அல்ல. தோட்டக்காரரும் கூலிக்காரரும்தான். வக்கீல் இங்கே இலவசமாகக் கிடைப்பார், நான் இருக்கிறேன். முன்னால் வந்து நிற்கும் குடும்பம்தான் வேண்டும்.

லாரி ஓட்டும் அண்ணனின் மனு உள்ளே போய்விட்டது, பதில் வரவில்லை. பையன் பள்ளிக்குப் போகத் தொடங்கிவிட்டான். நான்கு முறை நடந்தோம், ஐந்தாவது முறை சேர்த்துக்கொண்டார்கள்.