அந்தக்கரணம்

திருச்சிற்றம்பலம்.

சந்நிதியில் நிற்கும் அன்பர் பலர், "கை குவிகின்றது, மனம் குவியவில்லையே! யான் வந்து பயன் என்ன?" என வருந்துகின்றனர். அதற்கு விடை அந்தக்கரணம் என்னும் சொல்லினுள்ளேயே இருக்கின்றது.

இங்கே 'அந்தம்' என்பதற்கு முடிவு எனப் பொருள் கொள்ளுதல் பொருந்தாது. 'அந்தர்' என்னும் வடசொல்லுக்கு உள் என்பது பொருள். 'கரணம்' என்பது செய்தலைக் குறிக்கும் அடியிற் பிறந்து, கருவியை உணர்த்துவது. தொல்காப்பியர் மணச்சடங்கைக் கரணம் என்றதும் செயல் என்னும் பொருள் பற்றியே. எனவே கண்ணும் செவியும் புறக்கருவிகளாக, அந்தக்கரணமாவது அகக்கருவி.

சாங்கியர் இதனை மூன்றாக எண்ணுவர். நம் சித்தாந்தம் மனம், சித்தம், அகங்காரம், புத்தி என நான்காகக் கொள்ளும். விழா வீதியில் தொலைவிலே ஓர் ஒலி எழுகின்றது. செவி ஏற்ற அதனை மனம் பற்றுகின்றது. சித்தம் 'யாதோ' எனச் சிந்திக்கின்றது. அகங்காரம் 'யான் அறிவேன்' என எழுகின்றது. புத்தி 'நாகசுரமே' எனத் துணிகின்றது. இத்தனையும் ஒரு நொடியில்!

இவற்றுள் 'யான்' எது? மெய்கண்டார் சிவஞானபோதத்தின் 4-ஆம் சூத்திரத்தில், உயிர் இவற்றுள் ஒன்றன்று என நிறுவி, அமைச்சரோடு கூடிய அரசனை உவமை காட்டினார். கருவிகள் சடம், தம்மைத் தாம் அறியா. "மனம் அலைந்தது" என்று அறிந்து வருந்தியது மனமாயின், அலைந்ததும் அறிந்ததும் ஒன்றேயாதல் வேண்டும். அஃது இயையாது. வருந்தியது உயிரே.

"அங்ஙனமாயின் பிழையெல்லாம் மனத்தினுடையதே, எமக்கென்ன?" என்பாரும் உளர். அரிவாள் பிழைசெய்தது என்று எந்த வழக்கிலும் தீர்ப்பு எழுதுவதில்லை. அமைச்சர் தவறினும் ஆள்பவன் அரசனே.

மற்று, மனத்தைப் பகையென வெறுத்தலும் வேண்டா. ஆணவ இருளில் அறிவு விளங்காது கிடந்த உயிருக்கு, விடியுமளவும் விளக்காக இறைவன் இரங்கி அளித்தவையே தனு, கரணம், புவனம், போகம் என்பன. விளக்குச் சுடர் காற்றில் அசையும். அதற்காக விளக்கை எறிவார் உண்டோ? கையால் அணைத்துக் காப்பார்.

ஆதலின், மனம் நூறு முறை ஓடினும் நூறு முறையும் அழைத்து வந்து திருவடியிலே நிறுத்துங்கள். ஓடியது கருவி, அழைத்து வருபவர் நீங்கள், அழைக்கும் அறிவை விளக்கி நிற்பது அவன் அருள். அவ்வழைப்பே வழிபாடு.

திருச்சிற்றம்பலம்.