ராஜிக்குப் பின் வழக்கு: கருத்தரங்கத் தலைமை உரை



இரு தரப்பும் ராஜியாகிவிட்டால் குற்ற வழக்கு தானே முடிந்துவிடும் என்று வெளியே நினைக்கிறார்கள். சட்டம் அப்படி விட்டுவிடுவதில்லை. எந்தக் குற்றத்தில் சமாதானம் செய்துகொள்ளலாம் என்று, பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 320-ஆம் பிரிவைப் போலவே, புதிய நடைமுறைச் சட்டத்தின் 359-ஆம் பிரிவும் பட்டியல் போட்டிருக்கிறது. அதில் இல்லாத குற்றத்தை மாஜிஸ்திரேட் ராஜியில் முடிக்க முடியாது. கணவன் வீட்டுக் கொடுமை அந்தப் பட்டியலில் இல்லை. அங்கேதான் உயர் நீதிமன்றத்தின் உள்ளார்ந்த அதிகாரம் வருகிறது. அன்று 482-ஆம் பிரிவு, இன்று 528-ஆம் பிரிவு.

2003-இல் பி.எஸ். ஜோஷி வழக்கில் உச்ச நீதிமன்றம் திறந்த அந்தக் கதவுக்கு, 2012-இல் கியான் சிங் வழக்கில் மூன்று நீதிபதிகள் அமர்வு எல்லை வகுத்தது. குடும்பத் தகராறு, வணிகத் தகராறு போன்று உரிமையியல் சாயல் கொண்டவற்றை ரத்து செய்யலாம். கொலை, பாலியல் வன்கொடுமை, கொள்ளை போன்றவற்றைக் கூடாது. அதைத் தொடர்ந்து வந்த நரிந்தர் சிங், லட்சுமி நாராயண் தீர்ப்புகளை நீங்கள் அறிவீர்கள். அவற்றை நான் திருப்பிச் சொல்லப் போவதில்லை.

எனக்கு உறுத்துவது வேறு. போக்குவரத்துக் கழக வேலைக்குப் பணம் வாங்கிய வழக்கில், பணம் திரும்பிவிட்டது, சமரசம் ஆகிவிட்டது என்று சென்னை உயர் நீதிமன்றம் 2021-இல் ரத்து செய்தது. 2022-இல் உச்ச நீதிமன்றம் அதை மீட்டது. பணம் கொடுத்தவரும் வாங்கியவரும் கைகுலுக்கிவிட்டால், தகுதியிருந்தும் வேலை இழந்தவர் எங்கே போவார்? மேல்முறையீட்டுக்குப் போனவர்களில் வேலை கிடைக்காத விண்ணப்பதாரரும் ஒருவர். ராஜஸ்தானில் மாணவியிடம் அத்துமீறியதாகக் குற்றம் சாட்டப்பட்ட ஆசிரியர் மீதான வழக்கு, தந்தையின் சம்மதத்தோடு ரத்தானது. 2024 நவம்பரில் அதையும் உச்ச நீதிமன்றம் மீட்டது. அங்கே மேல்முறையீட்டுக்குப் போனவர்கள் வழக்கின் தரப்பினரே அல்லர், வெளியாட்கள். வெளியார் ஒருவர் வராதிருந்தால் ராஜி நின்றிருக்கும்.

நம் நீதிமன்றங்களில் சமரச மெமோ தாக்கலாகும். தரப்பினர் நேரில் நிற்பார்கள், காவல் அதிகாரி அடையாளம் காட்டுவார், உத்தரவு பிறக்கும். ஆள் அவர்தானா என்பதைச் சரிபார்க்கிறோம். ஏன் சம்மதித்தார் என்பதை எத்தனை முறை கேட்கிறோம்? பிள்ளையின் பள்ளிக் கட்டணத்துக்கு வழியில்லாத பெண் போடும் கையெழுத்தும், விவாகரத்தும் ஜீவனாம்சமும் முறையாகப் பெற்றுக்கொண்டவள் போடும் கையெழுத்தும் மெமோவில் ஒன்றாகவே தெரியும். விசாரணையே வேண்டாம் என்பவர்களிடம் எனக்குக் கோபமில்லை; பல குடும்பங்களுக்கு ராஜிதான் உண்மையான நிவாரணம். ஆனால் அந்த நிவாரணத்தை அவசரத்தில் வழங்கக்கூடாது.

கட்டுரை வாசிப்போரிடம் ஒரு வேண்டுகோள். தீர்ப்புகளின் வரிசையைச் சொல்லி நேரத்தைக் கழிக்காதீர்கள். புகார்தாரரைத் தனியே விசாரிப்பது, ஒப்புக்கொண்ட தொகை கைக்கு வந்ததை உறுதிசெய்வது, அரசு வழக்கறிஞரின் ஆட்சேபத்தை எழுத்தில் பெறுவது ஆகியவற்றுக்கு ஒரு வரைவு நடைமுறையை மாலைக்குள் எழுதித் தாருங்கள். கருத்தரங்கைத் தொடங்கி வைக்கிறேன்.