சுவடிக்கு நேர்ந்தது சுருளுக்கும் நேரலாமா?



ஓலைச்சுவடி தேடி உ.வே.சா. அலைந்தார், படச்சுருள் தேடி ஏ.கே. செட்டியார் அலைந்தார். ஐரோப்பாவிலும் தென்னாப்பிரிக்காவிலும் சுற்றி, பலர் எடுத்த ஏறத்தாழ 50,000 அடிச் சுருளைத் திரட்டி, 1940-இல் காந்தியடிகள் ஆவணப்படத்தைத் தமிழிலேயே வெளியிட்டார். திரட்டியவர் தமிழர், காத்தோமா நாம்? அத்தமிழ்ப்படம் காணாமற் போயிற்று. 1953-இல் அமெரிக்காவில் உருவான ஆங்கில வடிவத்தின் சுருக்கமே, நெடுங்காலத்திற்குப் பின் சான் பிரான்சிசுகோப் பல்கலைக்கழகமொன்றில் கிடைத்தது.

நும் வீட்டுப் பரணில் பழஞ்சுருள் உளதா? வெப்பமும் ஈரமும் அதற்குக் கூற்றுவர். காடி நாற்றம் எழுந்தால் அழிவு தொடங்கிற்றென்று அறிக. எறியாதீர், பழம்பொறியில் ஓட்டியும் பாராதீர்! குளிர்ந்து உலர்ந்த இடத்தில் வைத்து, எடுத்த ஆண்டும் ஊரும் குறித்து, வல்லாரைக் கொண்டு படியெடுப்பீர். சுவடியைச் செல்லுக்கு இரையாக்கிய இனம், சுருளையும் இழந்து நிற்பதோ?