வெள்ளைத் துணியில் பிறந்த வெளிச்சம்



ஒரு படம் முடிந்ததும் நம் நினைவில் நிற்பவர்கள் நடிகர்கள். அடுத்து இயக்குநர், இசையமைப்பாளர். கேமராவுக்குப் பின்னால் நின்றவர் யார் என்று எத்தனை பேர் கேட்கிறோம்? அப்படி அதிகம் கேட்கப்படாத ஒருவர்தான் வங்காள ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா.

1930-இல் பிறந்த மித்ரா, படப்பிடிப்பு நிலையத்தில் உதவியாளராக இருந்து தொழில் பயின்றவர் அல்லர். பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் 'தி ரிவர்' படத்தைக் கல்கத்தா அருகே எடுத்தபோது, அதைப் பார்க்கச் சென்றார். விளக்கு எங்கே நிற்கிறது, கேமரா எப்படி நகர்கிறது என்று ஒவ்வொன்றையும் வரைந்து குறித்துக்கொண்டார். அந்தக் குறிப்பேடுதான் அவருடைய கல்லூரி.

1952-இல் சத்யஜித் ராய் 'பாதேர் பாஞ்சாலி'யைத் தொடங்கியபோது, 22 வயது மித்ராவிடம் கேமராவை ஒப்படைத்தார். அதற்குமுன் அவர் ஒரு படத்திற்கும் ஒளிப்பதிவு செய்ததில்லை. பெரிய தயாரிப்பாளர் எவரும் இல்லை. ராய் தம் மனைவியின் நகைகளை அடகு வைத்தார். பணமின்றிப் படப்பிடிப்பு பலமுறை நின்றது. மேற்கு வங்க அரசின் உதவியோடுதான் 1955-இல் படம் வெளிவந்தது.

அடுத்த ஆண்டு வந்த 'அபராஜிதோ'வில்தான் உண்மையான சோதனை. காசியில் உள்ள ஒரு வீட்டின் முற்றத்தைத் திறந்தவெளியில் அமைக்கத் திட்டம். மழைக்கு அஞ்சிய கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா, அதை ஸ்டுடியோவுக்குள் அமைத்தார். வானத்திலிருந்து இறங்கும் நிழலற்ற வெளிச்சத்தை விளக்குகளால் கொண்டுவர முடியாது என்று மித்ரா வாதாடினார். அவர் வாதம் எடுபடவில்லை.

முடியாது என்றவரே வழியையும் கண்டார். முற்றத்தின்மேல் வெள்ளைத் துணியை விரித்துக் கட்டினார். விளக்குகளைக் கீழிருந்து அதை நோக்கித் திருப்பினார். துணியில் பட்டுத் திரும்பிய ஒளி, மென்மையாக எங்கும் பரவியது. பார்த்தவர்களுக்கு அது காசி வீட்டு முற்றமாகவே தெரிந்தது. இன்று உலகெங்கும் ஒளிப்பதிவாளர்கள் கையாளும் முறை இது.

ராயின் பத்துப் படங்களுக்கு மித்ரா ஒளிப்பதிவு செய்தார். 'காஞ்சன்ஜங்கா'வில் (1962) டார்ஜிலிங்கின் வெயிலும் மூடுபனியும் பாத்திரங்களின் மனநிலையோடு சேர்ந்தே மாறும். 'சாருலதா'வில் (1964) தனிமையில் வாடும் பெண்ணின் அறைக்குள் வரும் ஒளியும் ஓர் பாத்திரமே.

ஒளியை நம்பி வாழ்ந்த அவருக்குக் கண்ணிலேயே கோளாறு வந்ததுதான் வேதனை. அதனால் 1961-இல் 'தீன் கன்யா'வின் ஒளிப்பதிவை அவருடைய உதவியாளர் சௌமேந்து ராய் ஏற்றார். குணமடைந்து திரும்பிய மித்ரா, 1966-இல் வந்த 'நாயக்' படத்தோடு ராயிடமிருந்து பிரிந்தார். அதன்பின் அவர் செய்த படங்கள் குறைவு. எனினும் 'நியூ டெல்லி டைம்ஸ்' அவருக்குத் தேசிய விருதைப் பெற்றுத் தந்தது. இறுதி ஆண்டுகளில் கொல்கத்தாவில் மாணவர்களுக்குக் கற்பித்தார். 2001-இல் மறைந்தார்.

இன்று நம் இளையர் கைகளில் கைத்தொலைபேசியிலேயே கேமரா இருக்கிறது. கருவி போதவில்லை என்று சொல்லும்முன், அந்த வெள்ளைத் துணியை ஒருமுறை நினைத்துப் பார்க்கட்டும்.