சீராய்வு மனு போட்டாலே வழக்கு நின்னுடுமா?

திருப்பூரில் ஜாப் ஒர்க் நிறுவனத்தார் கூட்டத்தில் நமது கட்சியின் வழக்கறிஞர் பிரிவு சார்பில் ஆற்றிய உரை:



பவர்டேபிள், பிரிண்டிங், எம்பிராய்டரி, காஜா பட்டன்னு தொழில் பண்ற நீங்க எங்ககிட்ட சொல்ற முதல் புகார் கூலி பாக்கி. ரெண்டாவது புகார் பத்தித்தான் இன்னைக்குப் பேச்சு. "கேஸ் நல்லா போயிட்டிருந்துச்சுங்க. நடுவுல எதிர்பார்ட்டி ஹைகோர்ட் போயிட்டாரு. அதோட நின்னு போச்சு."

எதுக்குப் போனாருன்னு பார்த்தா, ஒரு டெலிவரி சலானைக் கூடுதல் ஆவணமா ஏத்துக்கிட்டது தப்பாம். சாட்சியை மறுபடி கூப்பிட அனுமதிக்கலையாம். இதுக்கெல்லாம் உயர் நீதிமன்றம் தலையிடணுமா?

உரிமையியல் நடைமுறைச் சட்டம் 115-வது பிரிவில் சீராய்வு மனுவுக்கு வழி இருக்கிறது. 2002 ஜூலை 1-ல் அமலுக்கு வந்த திருத்தம் அந்த வழியைக் குறுக்கிவிட்டது. மனு போடுறவருக்குச் சாதகமா உத்தரவு வந்திருந்தா வழக்கே அதோட முடிஞ்சிருக்கணும். அப்படிப்பட்ட உத்தரவில்தான் தலையிட முடியும். அந்தக் கதவு சுருங்கியதும் எல்லாரும் அரசியல் சட்டத்தின் 227-வது பிரிவுக்கு ஓடினாங்க. அது மேற்பார்வை அதிகாரம். கீழ்க் கோர்ட் தன் எல்லையைத் தாண்டினால், செய்ய வேண்டியதைச் செய்ய மறுத்தால் அதைப் பயன்படுத்தலாம். உங்க பிராதுக்கு நம்பரே கொடுக்காம திருப்பித் திருப்பி அனுப்புறாங்களா? ஹைகோர்ட்டுக்குப் போங்க, நாங்களே கூட வர்றோம். ஆனா "நான் அந்த நாற்காலியில் இருந்தா வேற மாதிரி முடிவெடுத்திருப்பேன்" என்பதற்காக அந்த அதிகாரம் இல்லை.

விருதுநகர் இந்து நாடார்கள் தர்ம பரிபாலன சபை வழக்கில் 2019-ல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொன்னது: நடைமுறைச் சட்டத்திலேயே மேல்முறையீடு இருக்கும்போது 227-ஐப் பிடித்துக்கொண்டு வரக் கூடாது. நம்ம ஆளுங்களும் சில பேர் இந்த வேலையைச் செய்றாங்க, அதையும் சொல்லித்தான் ஆகணும்.

சில தோழர்கள் கேக்குறாங்க: "2011 ஜனவரி 28-ல் சாயப்பட்டறைகளை மூடச் சொன்னதும் இதே ஹைகோர்ட்தானே?" ஆமா. அன்னைக்கு வேலை போனவங்க இந்தக் கூட்டத்திலும் இருக்கீங்க. ஆனா அது நொய்யல் ஆத்துக்கான வழக்கு. கழிவுநீரை வெளியே விடக் கூடாதுன்னு 2006-லேயே உத்தரவு போட்டு, 2009-ல் உச்ச நீதிமன்றமும் உறுதி செய்த பிறகும் நடக்காததால் வந்தது. ரெண்டு பேருக்கு நடுவுல இருக்கிற கணக்கு வழக்கு இல்லை அது. ஒரத்துப்பாளையம் விவசாயி ஒவ்வொரு பட்டறை மேலயும் முன்சீப் கோர்ட்டில் தனித்தனியா பிராது போட்டிருக்க முடியுமா?

இப்ப உங்க கேஸுக்கு வர்றேன். சீராய்வு மனு போட்டதாலேயே விசாரணை நிக்காது. ஹைகோர்ட் தடைன்னு உத்தரவு போட்டிருந்தாத்தான் நிக்கும். 115-வது பிரிவிலேயே அப்படி எழுதியிருக்கு. "சி.ஆர்.பி. போட்டாச்சு"ன்னு எதிர்பார்ட்டி வக்கீல் வாய்தா கேட்டா, தடை உத்தரவைக் காட்டச் சொல்லுங்க. இன்னொண்ணு, ஆறு மாசம் ஆனா தடை தானா போயிடும்னு 2018-ல் ஒரு தீர்ப்பு இருந்துச்சு. 2024 பிப்ரவரி 29-ல் ஐந்து நீதிபதிகள் அமர்வு அதை ரத்து பண்ணிடுச்சு. சும்மா காத்திருந்தா தடை அப்படியேதான் இருக்கும். நீக்கச் சொல்லி நீங்கதான் மனு போடணும்.

அதுக்கு ராத்திரி ரயிலேறி சென்னைக்குப் போகணும். மெஷினை நிறுத்திட்டுப் போறவருக்கு அதுவே ஒரு நாள் கூலி நட்டம். மதுரைக்கு 2004-லேயே கிளை கிடைச்சுது. கொங்கு மண்டலத்துக்குக் கோவையில் உயர் நீதிமன்றக் கிளை வேணும் என்று இந்தக் கூட்டத்தின் வழியா மறுபடியும் கேக்குறோம்.

அது வர்ற வரைக்கும், தடையில் நிக்கிற கூலி பாக்கி வழக்கு யாருக்கு இருந்தாலும், மனு எண்ணையும் தடை உத்தரவு நகலையும் எடுத்துக்கிட்டு நம்ம வழக்கறிஞர் பிரிவுத் தோழர்களைப் பாருங்க. தடையை நீக்கக் கோரும் மனுவை எழுதிக் கொடுக்கிறோம். கட்டணம் கிடையாது.