ஊர் அங்கே, ஸ்டேஷன் இங்கே
(நமது சங்கக் கூட்டத்தில் ஆற்றிய உரை)



நாம் பிழைக்க வந்து குடியேறிய இந்த மேற்கு ராஜஸ்தானத்தின் கதையை நம் வீடுகளில் பேச வேண்டும். "நீ எந்த ஊர்?" என்ற கேள்விக்குப் பதில் சொல்லியே அலுத்தவர்கள் நாம். அதே கேள்வி இந்த மண்ணின் மக்களையும் வாட்டுகிறது.

பார்மேருக்கு மேற்கே கட்ரா ரோடு என்றொரு ஸ்டேஷன் இருக்கிறது. ஸ்டேஷன் இந்தியாவில், அதற்குப் பெயர் தந்த கட்ரா ஊர் பாகிஸ்தானில்! சிந்து மாகாணத்துக்கும் ஜோத்பூர் சமஸ்தானத்துக்கும் இடையே இருந்த பழைய எல்லை, 1947இல் இரு நாட்டு எல்லையாகிவிட்டது. அதுவரை ஜோத்பூரிலிருந்து சிந்து ஹைதராபாத்துக்கு ஒரே ரயில் பாதை.

உமர்கோட்டின் சோடா ராஜபுத்திரர்கள் தங்கள் குலத்துக்குள் மணம் செய்வதில்லை. ராஜஸ்தானத்துக் குலங்களோடு பெண் கொண்டு, பெண் கொடுத்து வந்தவர்கள். தாட்கி மொழி இரு பக்கமும் பேசப்படுகிறது. மாங்கணியார்கள் முஸ்லிம்கள், தலைமுறை தலைமுறையாக ராஜபுத்திரர் வீட்டுப் பிறப்புக்கும் கல்யாணத்துக்கும் காமாய்ச்சா வாசித்துப் பாடுகிறவர்கள். மதத்தால் மக்களைப் பிரிக்கிறவர்கள் இவர்களை எந்தப் பக்கம் நிறுத்துவார்கள்?

1965 போரில் ரயில் நின்றது. 2006இல்தான் முனாபாவ் வழியாக மீண்டும் ஓடியது. 2019இல் மறுபடி நிறுத்தினார்கள். 2025இல் பஞ்சாபின் அட்டாரி வழியும் அடைபட்டது. அரசுகளின் சண்டையில் தாய்வீடு இழந்தவர்கள் கட்டிக்கொடுத்த பெண்கள்தான்.

மொழிக்கும் இதே கதி. சொந்த மாநிலம் இல்லாத சிந்திக்கு 1967இல் எட்டாவது அட்டவணையில் இடம் கிடைத்தது. ராஜஸ்தானிக்கு இடம் கேட்டு மாநிலச் சட்டமன்றம் 2003இல் தீர்மானம் போட்டும் இன்றுவரை கிடைக்கவில்லை. இந்த மக்கள் பேச்சை இந்தியின் கொச்சை என்று ஏளனம் செய்வோர் உண்டு. தாய்மொழிக்காகப் போராடிய தமிழர் நாம் அந்த ஏளனத்தில் சேரலாமா? பக்கத்து வீட்டாரிடம் மார்வாடி கற்றுக்கொள்வோம். அவர்களுடைய கோரிக்கைக்கு நம் குரலையும் கொடுப்போம்.

கடைசியாக ஒன்று. அதே 1965 போரில் கட்ரா ரோடு பாதையில் 17 ரயில் தொழிலாளர்கள் உயிர்விட்டார்கள். ஆண்டுதோறும் செப்டம்பர் 9 அன்று அவர்களுடைய நினைவிடத்தில் தொழிலாளர்கள் கூடி அஞ்சலி செலுத்துகிறார்கள். அவர்கள் நம் வர்க்கத்தார். வரும் செப்டம்பரில் நம் சங்கத்தின் மாலையும் அங்கே விழ வேண்டும், குடும்பத்தோடு புறப்படுவோம்.