பொய்ச் செய்தியும் மெய்ச் சிரிப்பும்



அயலூரைப் பார்த்து நகைப்பது எவர்க்கும் எளிது. தன் ஊரைப் பார்த்துத் தானே நகைப்பதற்கு அவ்வூர்மீது அன்பும் வேண்டும், துணிவும் வேண்டும். அத்தகைய நகைச்சுவையை அமெரிக்க நாட்டின் சியாட்டில் நகரிலுள்ள கிங் தொலைக்காட்சி நிலையம் 1984 முதல் 1999 வரை வளர்த்தது. அந்நிகழ்ச்சியின் பெயர் 'ஆல்மோஸ்ட் லைவ்'. 'ஏறத்தாழ நேரடி ஒளிபரப்பு' என்பது அதன் பொருள். பெயரிலேயே குறும்பு இருக்கிறதல்லவா?

செய்தி வாசிப்பவரைப்போல் ஒருவர் அமர்ந்து நகைப்புக்குரியவற்றைச் செய்தியாக அறிவிப்பார். இடையிடையே நகர வாழ்வைப் பற்றிய குறுநாடகங்கள் வரும். பாலார்ட் என்பது ஸ்காண்டிநேவிய மரபினர் பலர் குடியேறிய பகுதி. அங்குள்ள முதியோர் ஆமை வேகத்தில் கார் ஓட்டுவதாக நகரில் ஒரு கேலி உண்டு. அதனை ஒட்டி, அவ்வாறு ஓட்டக் கற்பிக்கும் பயிற்சிப் பள்ளி ஒன்றையே கற்பனையாகப் படைத்துக் காட்டினர். பிற்காலத்தில் சிறுவர்க்கு அறிவியல் கற்பித்துப் புகழ்பெற்ற பில் நை என்பவரும் இந்நிகழ்ச்சியில் தோன்றியவரே.

1989 ஏப்ரல் முதல் நாள் இரவு, நிகழ்ச்சியின் நடுவே சிறப்புச் செய்தி ஒன்று குறுக்கிட்டது. 'ஸ்பேஸ் நீடில்' சரிந்து வீழ்ந்துவிட்டதாம்! 1962ஆம் ஆண்டு உலகக் கண்காட்சிக்காக எழுப்பப்பட்ட, 605 அடி உயரமுள்ள கோபுரம் அது, நகரத்தின் அடையாளம். வீழ்ந்த கோபுரத்தின் படமும் காட்டப்பட்டது. மக்கள் பதறினர், அவசர உதவிக்கான தொலைபேசிக்கு அழைப்புகள் குவிந்தன. நிகழ்ச்சியை நடத்திய ஜான் கீஸ்டர் பின்னர் மன்னிப்புக் கோர நேர்ந்தது.

பாலார்ட் கேலியைக் கண்டு சிரித்த ஊர், கோபுரச் செய்தியைக் கேட்டு நடுங்கியது ஏன்? முன்னதில் மக்கள் அறிந்த உண்மை ஒன்று பெரிதாக்கப்பட்டது. மிகை எது என்பது அவர்களுக்கே விளங்கிற்று. பின்னதில் செய்தியின் கோலம் மட்டுமே இருந்தது. மேசையையும் குரலையும் படத்தையும் கண்டவுடன் மக்கள் நம்பினர். உண்மையைப் பெரிதாக்கிக் காட்டுவது அங்கதம். உண்மையைப்போல் வேடமிடுவது ஏமாற்று. இரண்டிற்கும் இடையே மெல்லிய கோடுதான் உண்டு. தேர்ந்த கலைஞரும் அதைத் தாண்டிவிடக்கூடும்.

அன்று அக்கோலத்தைப் புனைய ஒரு நிலையமே தேவைப்பட்டது. இன்று கைப்பேசி ஒன்றே போதும். ஆதலால், மாணவர்களே, நகைக்க வேண்டிய இடத்தில் மனமார நகையுங்கள். நடுங்கச் செய்யும் செய்தி வந்தால், பிறருக்குச் சொல்லுமுன் சாளரத்தைத் திறந்து, கோபுரம் நிற்கிறதா என்று ஒருமுறை பாருங்கள்.